நான்கு நாள் நடிகர் ஜபருல்லா

பினாங்கில் எங்கள் டத்தோ கிராமாட்டில் ஜெர்மன் சினிமா நடிகர் ஒருவர் குடியிருக்கிறார் என்று சொன்னால் யாரும் நம்புவதில்லை. நம்பாவிட்டால் போகட்டும். வெள்ளைக்காரர் இல்லை, நம் ஜபருல்லா பாய்தான். நடித்தது ஒரே ஒரு படம். அதுவும் தியேட்டருக்கு வந்த படம் இல்லை, அந்த ஊர்த் தொலைக்காட்சிக்கு எடுத்தது. ஜெர்மன் மொழியில் அவருக்குத் தெரிந்ததும் ஒரே ஒரு வார்த்தைதான். அவருடைய சினிமா வாழ்க்கை ஒரு திங்கட்கிழமை காலையில் தொடங்கி வியாழக்கிழமை மத்தியானம் முடிந்து போனது. பதினெட்டு வருஷம் ஆகிறது.

தெரு முனை சாப்பாட்டுக் கடையில் அவர் தலையைக் கண்டாலே "ஓய், ஜெர்மன் வந்துட்டாரு, ஒரு தே போடு" என்று டீ சொல்வார்கள். அவரும் சிரித்துக்கொண்டே உட்காருவார். அந்தச் சிரிப்பைப் பார்த்தால் எனக்கு எரிச்சலாக வரும். சிரிக்கிற விஷயமா அது என்று கேட்கத் தோன்றும். கேட்க மாட்டேன். கேட்டால் என் கதையும் வெளியே வந்துவிடும்.

நான் சுகுமாரன். அப்போது சொந்த வேன் வைத்திருந்தேன், சுற்றுலாக்காரர்களை ஏற்றுவேன். இப்போது கார் ஓட்டுகிறேன், போனில் கூப்பிட்டால் வருகிற வாடகைக் கார். ஜபருல்லா பாய்க்கு இரண்டு வீடு தள்ளி என் வீடு. என் வீட்டு வாசல் கதவுக்குப் பின்னால் ஓர் ஆணி இருக்கிறது. அதில் பதினெட்டு வருஷமாக ஒரு சாவி தொங்கியது. அவர் வீட்டுச் சாவி. "நான் கடையில இருக்கிற நேரமாப் பாத்து ரொஸ்னா வந்துட்டா, வெளிய நிக்கக் கூடாதுல்ல" என்று சொல்லிக் கொடுத்தது. நடுவில் ஒரு தடவை பூட்டு துருப்பிடித்து மாற்றினார். மாற்றிய அன்றைக்கே புதுச் சாவியைக் கொண்டுவந்து, பழையதைக் கழற்றிவிட்டு, தன் கையாலேயே மாட்டிவிட்டுப் போனார்.

ரொஸ்னா அவர் மனைவி. இன்றைக்கும் மனைவிதான், அதற்குக் காகிதம் இருக்கிறது. ஆனால் பதினெட்டு வருஷமாக அவர் தீவில், அவள் அக்கரையில் செபராங் ஜெயாவில்.

பாய் கேம்பல் ஸ்திரீட்டில் ஒரு துணிக்கடையில் விற்பனையில் இருந்தார். இன்றும் அதே கடைதான். அவருக்கு இருந்த வாய் இருக்கிறதே, சும்மா சொல்லக்கூடாது, கைக்குட்டை வாங்க வந்தவளைக் கல்யாணச் சேலையோடு அனுப்பி வைப்பார். சீனர் வந்தால் சீனர் மாதிரி, மலாய்க்காரர் வந்தால் மலாய்க்காரர் மாதிரி, எங்கள் ஆள் வந்தால் எங்கள் ஆள் மாதிரி பேசுவார். முதலாளி எப்படித் தும்முவார் என்று முதலாளியின் முன்னாலேயே தும்மிக் காட்டுவார். ரொஸ்னா அப்போது முப்பது வயசுப் பெண். இவர் பேசுகிறதைக் கேட்டுச் சிரித்துச் சிரித்து அவளுக்கு விக்கல் எடுக்கும். அந்தச் சத்தம் என் வீடு வரைக்கும் கேட்கும். மகள் நஸீஹாவுக்கு ஆறு வயசு.

அந்த நேரத்தில்தான் ஜெர்மன்காரர்கள் வந்து இறங்கினார்கள். ஜெர்மனியிலிருந்து ஒரு டாக்டரம்மா பினாங்குக்கு வந்து, வெயிலில் வாடி, யாரையோ காதலித்து, எல்லாருக்கும் நல்லது செய்கிற கதை. சாமான் ஏற்ற, ஆள் ஏற்ற என் வேனைத்தான் எடுத்திருந்தார்கள். முதல் நாளே ஹோல்கர் என்ற உதவி இயக்குநர் என்னைப் பிடித்துக்கொண்டு, துணிக்கடை முதலாளியாக நடிக்க ஓர் ஆள் வேண்டும், இந்த ஊர்த் தமிழ் முஸ்லிமாக இருக்க வேண்டும், கூச்சமில்லாதவராக இருக்க வேண்டும் என்றான். கூச்சமில்லாதவர் என்று கேட்டதும் வேறு யாரை நினைப்பேன்? நேராகக் கடைக்குக் கூட்டிக்கொண்டு போனேன். போன அன்று பாய் அந்த ஹோல்கருக்கே ஒரு சாரோங் விற்றுவிட்டார்.

திங்கட்கிழமை டாக்டரம்மாவுக்குத் துணி காட்டுகிற காட்சி. கடையையே வாடகைக்கு எடுத்து, உள்ளே விளக்கெல்லாம் கட்டியிருந்தார்கள். பாய் துணியை விசிறிப் போட்ட விதத்தில் அந்த நடிகை தன் வசனத்தையே மறந்து போனாள். இயக்குநர் ஓர் உயரமான பெண், சிரித்தே பார்க்காதவள். அவளே எழுந்து வந்து கை கொடுத்தாள். செவ்வாய்க்கிழமை குடை பிடித்துக்கொண்டு தெருவில் நடக்க வேண்டும், அவ்வளவுதான். அதையும் ஏழு தடவை நடக்க விட்டார்கள். ஒவ்வொரு தடவையும் "நோஹ்மால், நோஹ்மால்" என்றார்கள். மறுபடியும் என்று அர்த்தம். அதுதான் பாய் கற்றுக்கொண்ட அந்த ஒரு வார்த்தை. அன்று சாயங்காலம் வேனில் வரும்போது சொன்னார், "சுகு, நான் தப்பான தொழில்ல மாட்டிக்கிட்டேன்லா. எனக்கு இதுதான்." சின்னப் பிள்ளை மாதிரி முகம். முப்பத்தெட்டு வயசு அவருக்கு அப்போது.

வியாழக்கிழமைதான் அவருக்குப் பெரிய காட்சி. அந்தத் துணிக்கடை முதலாளி கோபத்தில் மனைவிக்குத் தலாக் சொல்லி வெளியே அனுப்புகிறான், டாக்டரம்மா அவளைச் சேர்த்துக்கொள்கிறாள். மனைவியாக நடிக்க கோலாலம்பூரிலிருந்து ஒரு மலாய்ப் பெண் வருவதாக இருந்தது. வசனத்தை உன் மொழியிலேயே சொல், கண்ணைப் பார்த்துச் சொல், மனைவிக்கு உன் வாயில் வருகிற பேரை வைத்துக்கொள் என்று அந்த இயக்குநரம்மா சொல்லியிருந்தாள். எழுதியவன் எங்கேயோ பெர்லினில் உட்கார்ந்து எழுதியது. அவனுக்கு என்ன தெரியும்?

செவ்வாய்க்கிழமை மாலை பாய் வீட்டு ஹாலில் உட்கார்ந்து நான் காப்பி குடித்துக்கொண்டிருந்தேன். நஸீஹா தரையில் படுத்து வண்ணம் தீட்டிக்கொண்டிருந்தாள். ரொஸ்னா காய்ந்த துணியை மடித்துக்கொண்டிருந்தாள். பாய் சுவரைப் பார்த்துச் சொல்லிப் பார்த்தார், சரியாக வரவில்லை. என்னைப் பார்த்துச் சொன்னார், எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "ரொஸ்னா, கொஞ்சம் எந்திரிச்சு நில்லேன், சும்மா நின்னாப் போதும்" என்றார். அவள் கையில் மடித்த கைலியோடு எழுந்து நின்றாள். அவளுக்கும் சிரிப்புத்தான். பாய் கண்ணை மூடி ஒரு மூச்சு விட்டுவிட்டு, திறந்து, அவளைப் பார்த்தார்.

"ரொஸ்னா" என்று பேர் சொல்லிக் கூப்பிட்டார். தலாக் என்றார். மூன்று தடவை.

நான் கை தட்டினேன். அதை நினைத்தால் இன்றைக்கும் என் கையை நானே அடித்துக்கொள்ளலாம் போலிருக்கிறது. அவ்வளவு நன்றாக நடித்தார். அந்தப் பார்வையைப் பார்த்து எனக்கே ஒரு நிமிஷம் நிஜமென்று தோன்றிவிட்டது. நான் தண்ணீர்மலை முருகனுக்குக் காவடி எடுக்கிறவன், எனக்கு அவர்கள் சட்டதிட்டம் என்ன தெரியும்? ரொஸ்னா சிரிக்கவில்லை. கைலியை மெதுவாகக் கீழே வைத்தாள்.

"இத விளையாட்டுக்குக்கூடச் சொல்லக் கூடாதுன்னு உங்களுக்குத் தெரியாதா?" என்றாள்.

அப்போதுதான் பாய் முகம் வெளுத்துப் போனதைப் பார்த்தேன். அவருக்குத் தெரியும். அவர்கள் வீடுகளில் சின்ன வயசிலிருந்தே எல்லாருக்கும் தெரிந்த விஷயம் அது. நிக்காஹ்வும் தலாக்கும் விளையாட்டாகச் சொன்னாலும் சொன்னதுதான் என்று ஓதிக் கொடுத்துத்தான் வளர்க்கிறார்கள். அவர் அந்த நேரத்தில் ஜபருல்லாவாக இல்லை, துணிக்கடை முதலாளியாக இருந்தார். மறந்துவிட்டார். உலகத்தில் வேறு எந்த நடிகனும் வீட்டில் ஒத்திகை பார்த்து இப்படி மாட்டியிருக்க மாட்டான்.

ரொஸ்னா போன் செய்தாள். ஒரு மணி நேரத்தில் அவள் அத்தா, அதாவது அப்பா, ஷேக் அலாவுதீன் செபராங் ஜெயாவிலிருந்து வந்து சேர்ந்தார். சத்தம் போடவில்லை, திட்டவில்லை. தலாக் விழுந்ததா விழவில்லையா என்று தெரிகிற வரைக்கும் இரண்டு பேரும் ஒரே வீட்டில் இருக்கக் கூடாது, அவ்வளவுதான் என்றார். மகளையும் பேத்தியையும் காரில் ஏற்றிக்கொண்டார். நஸீஹாவின் வண்ணப் பென்சில்கள் ஹாலிலேயே கிடந்தன. புதன்கிழமை பாய் அக்கரைக்குப் போய் வந்தார். வியாழக்கிழமை காலை பதினொரு மணிக்கு அங்குள்ள மத அலுவலகத்தில் விசாரிக்க நேரம் வாங்கியிருந்தார் மாமனார். பாய் போய், இது நாடக வசனம், என் மனசில் எதுவும் இல்லை என்று சத்தியம் செய்து சொல்ல வேண்டும். சாட்சிக்கு நானும் போக வேண்டும்.

வியாழக்கிழமை ஒன்பது மணிக்குப் படப்பிடிப்பு.

பாய் மாற்றிவைக்கக் கேட்டார். முடியாது, வெள்ளிக்கிழமை லங்காவிக்குப் போகிறோம், அரை மணி நேர வேலைதானே என்றான் ஹோல்கர். அரை மணி நேரம் என்றால் ஒன்பதரை. பாலத்தைத் தாண்டிப் பதினோரு மணிக்குப் போய்ச் சேர்ந்துவிடலாம் என்று நானும்தான் கணக்குப் போட்டேன்.

ஒன்பது மணிக்கு விளக்கைப் போட்டார்கள். சத்தம் வரக் கூடாது என்று எல்லார் கைப்பேசியையும் வாங்கி ஒரு பெட்டியில் வைத்தார்கள். அந்த மலாய்ப் பெண் எதிரே வந்து நின்றாள். பாய் வாயைத் திறந்தார். ஒன்றும் வரவில்லை. நோஹ்மால். மறுபடியும் திறந்தார். வரவில்லை. முதலாளி தும்முவதை முதலாளி முன்னாலேயே தும்மிக் காட்டிய மனுஷன், மூன்று வார்த்தை சொல்ல முடியாமல் நின்றார். நோஹ்மால், நோஹ்மால், நோஹ்மால். எத்தனை தடவை என்று எனக்குத் தெரியாது, பத்துக்கு மேல் இருக்கும். அந்த இயக்குநரம்மாவுக்குக் கோபம் வரவில்லை, அதுதான் வினை. பாய் முகத்தில் எதையோ பார்த்துவிட்டாள். கேமராவைக் கிட்டே நகர்த்தச் சொன்னாள். விளக்கை மாற்றச் சொன்னாள். அதற்கே அரை மணி நேரம் போனது.

அந்த இடைவெளியில்தான் அவர் வேனுக்கு வந்தார். மணி பத்தரை. முகத்தில் பூசிய மாவு வேர்வையில் கோடு கோடாக இறங்கியிருந்தது.

"சுகு, வண்டிய எடு. போயிரலாம்" என்றார்.

நான் எடுக்கவில்லை.

டாக்டரம்மாவாக நடித்தவளை ஹோட்டலுக்குக் கொண்டுபோக வேண்டியிருக்கும், நகராதே என்று ஹோல்கர் என்னிடம் சொல்லியிருந்தான். லங்காவிக்கும் என் வேனையே எடுப்பதாகவும் சொல்லியிருந்தான். அந்த ஆசை எனக்கு. "இன்னும் ஒரு டேக்தானே பாய், முடிச்சிட்டுப் போயிரலாம்லா, ஆபீஸ்ல எப்பவும் லேட்டாத்தான் கூப்பிடுவாங்க" என்றேன். அவர் என்னைப் பார்த்தார். உள்ளேயிருந்து கூப்பிட்டார்கள். போய்விட்டார்.

வெளியே வரும்போது பன்னிரண்டே கால். கடைசி வரைக்கும் சொல்லவில்லை. சொல்லாததையே எடுத்துக்கொண்டார்கள். எல்லாரும் கை தட்டினார்கள். பெட்டியிலிருந்து பாய் தன் கைப்பேசியை எடுத்துப் பார்த்தால் ரொஸ்னா நான்கு தடவை கூப்பிட்டிருந்தாள். நாங்கள் அக்கரை போய்ச் சேர்ந்தபோது அலுவலக வாசலில் யாரும் இல்லை. லங்காவிக்கு அவர்கள் அங்கேயே வேறு வேன் எடுத்துக்கொண்டார்கள், அது வேறு விஷயம்.

அடுத்த வாரம் நானும் அவரும் போனோம். அதிகாரி பொறுமையானவர். எல்லாவற்றையும் கேட்டார். அந்த வசனக் காகிதத்தை வாங்கிப் பார்த்தார். என்னையும் கேட்டார். பாயிடம் சத்தியம் வாங்கினார். பிறகு விசாரித்து முடித்து, தலாக் விழவில்லை, இவர்கள் கணவன் மனைவிதான் என்று எழுதிக் கொடுத்தார்கள். பாய் அந்தக் காகிதத்தை நெஞ்சில் வைத்துக்கொண்டு செபராங் ஜெயாவுக்கு வந்தார். ஷேக் அலாவுதீன் வீட்டுக் கேட்டுக்கு வெளியே நின்று கூப்பிட்டோம். ரொஸ்னா ஜன்னலுக்கு வந்தாள். காகிதத்தைக் கம்பி வழியாக வாங்கி முழுசும் படித்தாள்.

"சரியாத்தான் எழுதியிருக்காங்க. நான் வரல" என்றாள். காகிதத்தைத் திருப்பிக் கொடுத்தாள். காரணம் சொல்லவில்லை.

காரணத்தை பாயே கண்டுபிடித்துக்கொண்டார். அன்றைக்கு ஹாலில் தன் கண்ணைப் பார்த்து அவள் பயந்துவிட்டாள், மனசுக்குள் இவ்வளவு வெறுப்பு இருந்திருக்கிறதே என்று நினைத்துவிட்டாள் என்பார். "நான் அந்த மலாய்ப் பொண்ணுக்கே சொல்ல முடியாம நின்னவன். அத அவ பாக்கணும் சுகு. படத்தப் பாத்தா அவளுக்குப் புரிஞ்சிரும்." இதை எனக்கு எத்தனை நூறு தடவை சொல்லியிருப்பார் என்று சொல்ல முடியாது. நான் தலையை ஆட்டுவேன். பத்தரை மணிக்கு வேனுக்கு வந்ததை அவர் ஒரு தடவைகூடச் சொல்லிக் காட்டியதில்லை. சொல்லித் திட்டியிருந்தால் எனக்கு நிம்மதியாகப் போயிருக்கும்.

அதற்கப்புறம் அவர் வாழ்க்கை என்றால் அந்தப் படத்தைத் தேடியதுதான். ஹோல்கருக்குக் கடிதம் போட்டார். ஒரு பதில் வந்தது, ஒரு புகைப்படத்தோடு. படம் ஒளிபரப்பாகிவிட்டது, அனுப்புகிறோம் என்று எழுதியிருந்தது. அனுப்பவில்லை. ஜெர்மன் சுற்றுலாக்காரர்கள் யார் கடைக்கு வந்தாலும் விசாரிப்பார். அவர்கள் பயந்துபோய் இரண்டு கைக்குட்டை வாங்கிக்கொண்டு போவார்கள். கடையில் பழைய பேச்செல்லாம் போய்விட்டது. துணியை எடுத்துப் போடுவார், விலை சொல்வார், மடிப்பார். முதலாளி செத்துப் போய், மகன் வந்து, அவனுக்கு இவர் ஒரு காலத்தில் ஊரைச் சிரிக்க வைத்தவர் என்றே தெரியாது.

வீட்டில் அவர் ஒற்றை ஆள். ரொஸ்னாவின் அலமாரியைத் திறக்க மாட்டார். நோன்புப் பெருநாளுக்கு வருஷா வருஷம் அவளுக்குக் கடையில் ஒரு துணி எடுத்து அனுப்புவார், அவள் வாங்கிக்கொள்வாள், நஸீஹாவிடம் நன்றி சொல்லியனுப்புவாள். மாசம் ஒரு தடவை நஸீஹா வருவாள். அன்றைக்கு மட்டும் அந்த வீட்டில் பேச்சுச் சத்தம் கேட்கும். என் மனைவி ரூபினி ஏதாவது குழம்பு கொண்டுபோய்க் கொடுப்பாள். மற்ற நாளில் அவர் வீட்டு ரேடியோ மட்டும் கேட்கும். அவர் அதைக் கேட்கிற மாதிரியும் தெரியாது. பெருநாள் அன்று தொழுதுவிட்டு வந்து, புதுச் சட்டையோடு எங்கள் வீட்டில் உட்கார்ந்து நான்கு முறுக்குத் தின்றுவிட்டு, கதவுக்குப் பின்னால் ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போவார். சாவி இருக்கிறதா என்று பார்ப்பதுதான். கேட்க மாட்டார்.

போன வருஷம் நஸீஹாவுக்குக் கல்யாணம் நிச்சயமானது. பாயான் லெப்பாசில் ஒரு தொழிற்சாலையில் வேலை பார்க்கிறாள், கூட வேலை பார்க்கிற ஐமான்தான் மாப்பிள்ளை. அவர்கள் தொழிற்சாலைக்கு ஜெர்மனியிலிருந்து ஒரு பொறியாளர் வந்திருக்கிறார். அவரிடம் இவள் எதற்கோ பேச்சுவாக்கில் சொல்ல, அவர் தன் அம்மாவிடம் கேட்க, அந்த அம்மாள் இந்த மாதிரிப் படங்களாகப் பதிவு செய்து அடுக்கி வைக்கிற ஆளாம். படம் வந்துவிட்டது. பதினெட்டு வருஷம் தேடியது ஒரு வாரத்தில் போனுக்குள் வந்து உட்கார்ந்துவிட்டது.

நஸீஹா அத்தாவிடம்தான் முதலில் சொன்னாள். பாய் பார்க்க மாட்டேன் என்றுவிட்டார். அம்மாவோடு சேர்ந்துதான் பார்ப்பேன், கல்யாணத்தன்று பார்ப்போம் என்றார். அதற்கப்புறம் அவர் நடையே மாறியது. மூக்குக் கண்ணாடி மாற்றினார். வீட்டுக்குச் சுண்ணாம்பு அடித்தார். ரூபினியைக் கூப்பிட்டு அந்த அலமாரியைத் திறந்து, உள்ளே இருக்கிற துணிகளையெல்லாம் வெயிலில் போட்டு எடுக்கச் சொன்னார். ரூபினி வீட்டுக்கு வந்து அழுதாள். "அக்கா வருவாங்களாங்க?" என்று கேட்டாள். எனக்கு என்ன தெரியும் என்று எரிந்து விழுந்தேன்.

கல்யாணம் செபராங் ஜெயாவில், ரொஸ்னா வீட்டிலேயே. ஷேக் அலாவுதீன் இறந்து நாளாகிவிட்டது. நிக்காஹ்வில் பெண்ணுக்குத் தகப்பன்தான் பொறுப்பாளர், வலி என்பார்கள், அவர்தான் மாப்பிள்ளையின் கையைப் பிடித்து, என் மகளை உனக்கு மணமுடித்துத் தருகிறேன் என்று வாயால் சொல்ல வேண்டும். சொல்ல முடியாதவர்கள் பதிவாளரையே சொல்லச் சொல்லிவிடுவார்கள். பாயும் அப்படித்தான் செய்வார் என்று நினைத்தேன். பதிவாளரும் கேட்டார். வேண்டாம், நானே சொல்கிறேன் என்றார்.

ஐமானின் கையைப் பிடித்தார். பெண்கள் பக்கம் ரொஸ்னா உட்கார்ந்திருந்தாள், தலை நரைத்து, முக்காட்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டு. பாய் வாயைத் திறந்தார். கணீரென்று வந்தது பாருங்கள், ஒரு தடங்கல் இல்லை. ஒரே டேக். ஐமான் பதில் சொல்லி முடித்ததும் நான் ரொஸ்னாவைத்தான் பார்த்தேன். கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பாயும் அதைப் பார்த்துவிட்டார்.

மாலையில் கூட்டம் கலைந்தது. வாசல் பந்தலில் நாற்காலி அடுக்குகிற சத்தம். நஸீஹா கல்யாண உடுப்போடு ஹாலுக்கு வந்து, போனைத் தொலைக்காட்சியோடு சேர்த்தாள். ரொஸ்னா சமையலறை வாசலில் ஈரக் கையோடு நின்றாள். உட்காரம்மா என்று நஸீஹா சொன்னாள், அவள் உட்காரவில்லை. பாய் நாற்காலி நுனியில் இருந்தார். ஐமானும் நானும் பின்னால்.

ஜெர்மனில் ஏதேதோ பேசினார்கள். திங்கட்கிழமை எடுத்த காட்சியைக் காணோம், வெட்டிவிட்டார்கள். குடையும் இல்லை. பிறகு கடை வந்தது. பாய் வந்தார். கருத்த தலைமுடி, வாட்டசாட்டமான ஆள். எதிரே அந்த மலாய்ப் பெண்ணின் முதுகு. பாய் வாயைத் திறக்கிறார், மூடுகிறார். உதடு நடுங்குகிறது. கண்ணில் தண்ணீர் கட்டி, வழிகிறது. ஒரு வார்த்தை இல்லை. யாரோ வயலின் வாசிக்கிறார்கள். அந்தப் பெண் தானாகவே திரும்பிப் போகிறாள். அவ்வளவுதான். ஒரு நிமிஷம்கூட இருக்காது.

"பாத்தியா ரொஸ்னா" என்றார் பாய். திரும்பி அவளைப் பார்க்கவில்லை, திரையைப் பார்த்தே சொன்னார். "ஒரு வார்த்தை சொல்லல நான்."

ரொஸ்னா படத்தைக் கொஞ்சம் பின்னால் ஓட்டச் சொன்னாள். நஸீஹா ஓட்டினாள். "நிறுத்து" என்றாள் ரொஸ்னா. பாயின் தலைக்கு மேலே கடைச் சுவர்க் கடிகாரம் தெரிந்தது. அது நிஜக் கடை, நிஜக் கடிகாரம். கிட்டே போய்ப் பார்த்தாள்.

"பதினொன்னு இருபது" என்றாள். "அந்நேரம் நான் ஆபீஸ் பெஞ்சில உக்காந்திருந்தேன். ரெண்டு தடவ பேர் கூப்பிட்டாங்க. அத்தா எந்திரின்னாரு. நான்தான், வந்துருவாரு வந்துருவாருன்னு சொல்லிக்கிட்டே இருந்தேன்."

என்னால் அதற்கு மேல் வாயை மூடிக்கொண்டிருக்க முடியவில்லை. பதினெட்டு வருஷமாகத் தொண்டையில் நின்றதைச் சொல்லிவிட்டேன். "என் தப்பும்மா. பத்தரைக்கே வந்து வண்டிய எடுன்னு கேட்டாரு. நான்தான் எடுக்கல. என் சுயநலம்."

ரொஸ்னா என்னைப் பார்த்தாள். கோபமாகக்கூட இல்லை.

"சுகு அண்ணே, உங்க வேன் ஒன்னுதான் பினாங்குல ஓடிச்சா?"

நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

"அந்த வார்த்தைக்காக நான் வராம இல்ல" என்று பாயைப் பார்த்துச் சொன்னாள். "நீங்க நடிச்சீங்கன்னு எனக்கு அன்னைக்கே தெரியும். சொல்ல முடியலன்னா, முடியலன்னு சொல்லிட்டு எறங்கி வந்திருக்க வேண்டியதுதானே? அழுதுக்கிட்டு நிக்கிற நேரத்துக்கு வந்திருக்கலாம்."

பாய் புதுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு மெதுவாகச் சொன்னார். "படத்துல வரணும்னு ஆசையா இருந்துச்சும்மா."

"தெரியும்" என்றாள் ரொஸ்னா. உள்ளே போய்விட்டாள்.

கிளம்பும்போது வாசலுக்கு வந்தாள். கல்யாணத்துக்கு வந்தவர்களுக்குக் கையில் கொடுத்து அனுப்புகிற புங்கா தெலூர் அவள் கையில் இருந்தது. அவித்த முட்டையைச் சின்னப் பையில் போட்டுப் பூ கட்டியது. எனக்கு ஒன்று கொடுத்தாள். அவருக்கும் ஒன்று கொடுத்தாள். பெண்ணைப் பெற்ற தகப்பனுக்கு யாராவது விருந்தாளிக்குக் கொடுப்பதைக் கொடுப்பார்களா? பாய் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். "வர்றேன்" என்றார். "சரி" என்றாள்.

அவரைக் காரில் ஏற்றிக்கொண்டேன். பாலத்துப் பக்கம் வண்டியைத் திருப்பப் போனபோது, வேண்டாம், பட்டர்வொர்த்தில் இறக்கி விடு, நான் பெர்ரியில் போகிறேன் என்றார். இறக்கி விட்டேன். கதவைத் திறந்து ஒரு காலை வெளியே வைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருந்தார். முட்டைப் பை மடியில் இருந்தது.

"படம் கெடைக்காமயே இருந்திருக்கலாம் சுகு" என்றார். "அந்தச் சாவிய நாளைக்குக் கொடுத்துரு."

என்ன பாய் இப்படிப் பேசுறீங்க என்று ஏதோ சொன்னேன். அவர் காதில் விழவில்லை. இறங்கி, சட்டையைச் சரிசெய்துகொண்டு, ஜனங்களோடு நடந்து போய்விட்டார். நான் மட்டும் காரில் பாலத்தைக் கடந்து வீடு வந்து சேர்ந்தேன்.

மறுநாள் அவர் கேட்க வரட்டும் என்று இருந்தேன். வந்தார். கழற்றிக் கொடுத்தேன். தன் சாவிக் கொத்திலேயே சேர்த்துக் கோத்துக்கொண்டு கடைக்குப் போனார். இப்போதும் தெரு முனையில் ஜெர்மன் வந்துட்டாரு என்கிறார்கள், இப்போதும் சிரிக்கிறார். ஆணி அங்கேயேதான் இருக்கிறது. உங்கள் கார் சாவியை அதில் மாட்டுங்களேன், தினமும் தேடுகிறீர்களே என்கிறாள் ரூபினி. எனக்கு மனசு வரவில்லை.